பாலையாவுக்கு அரைப்பேர்

எங்கள் மலைநாட்டுத் தோட்டங்களில் 'பேர்' என்ற சொல்லுக்கு, வெளியூர்க்காரர் அறியாத ஒரு பொருள் உண்டு. அது ஒரு நாள் உழைப்புக்கான கணக்கு. விடியற்காலையில் பிரட்டுக்களத்துக்குப் போய், மலையேறி, தோட்டம் விதித்த அளவுக்குக் கொழுந்து பறித்து நிறுத்துக் கொடுத்தால் அன்றைக்கு ஒரு பேர். மழையினாலோ, வெயிலில் காய்ந்த மலையில் கொழுந்து இல்லாமையினாலோ நிறை குறைந்துவிட்டால் அரைப்பேர். ஆள் முழு நாளும் மலையில் நின்றிருப்பார். கூடை முழு நாளும் முதுகில் தொங்கியிருக்கும். ஆனால் செக்ரோலில் அவர் அரை ஆள். என் அம்மா மாலையில் லயத்துக்குத் திரும்பியதும் நாங்கள் கேட்கும் முதற் கேள்வி, "இன்னைக்கு முழுப்பேரா, அரைப்பேரா?" என்பதுதான். அவரது முகத்தைப் பார்த்தே பதிலைத் தெரிந்துகொள்ளவும் பழகியிருந்தோம்.

பழைய தமிழ்ப் படங்களின் தொடக்கத்தில் நடிகர் பட்டியல் ஓடும்போதெல்லாம் எனக்கு இந்தச் சொல்தான் நினைவுக்கு வரும். கதாநாயகனுக்கும் நாயகிக்கும் தனித்தனி அட்டை; முழுப்பேர். அதன்பின் ஒரே அட்டையில் ஏழெட்டுப் பெயர்கள். அந்தக் கூட்டத்துக்குள் 'டி.எஸ்.பாலையா' என்ற பெயர் பல படங்களில் ஒட்டிக்கொண்டு நிற்கும். 1936 இல் முதல் படம். 1972 இல் மறைவு. இடைப்பட்ட முப்பத்தாறு ஆண்டுகளில் தமிழ்த் திரையின் பெரிய கதாநாயகர்கள் எல்லோருக்கும் எதிரிலோ அருகிலோ நின்ற மனிதர் அவர். தியாகராஜ பாகவதர் காலத்தில் வில்லன், எம்.ஜி.ஆர். காலத்தில் வில்லன், சிவாஜி காலத்தில் அண்ணன், அப்பா, நண்பன், ரவிச்சந்திரனும் முத்துராமனும் வந்தபோது மாமனார். நாயகர்கள் மாறிக்கொண்டேயிருந்தார்கள். பாலையா மாறவில்லை.

இந்தக் கட்டுரையை நான் 2014 ஆகஸ்டில் எழுதியிருக்க வேண்டும். அந்த மாதம் 23 ஆம் திகதி அவரது நூற்றாண்டு. அப்போது நான் பணியாற்றிய பத்திரிகையின் (எது என்று கேளாதீர்கள்) ஞாயிறு இதழுக்கு ஒரு முழுப்பக்கக் கட்டுரை தருவதாகச் சொன்னேன். "பாலையாவுக்கு ஒரு பக்கமா?" என்று சிரித்தார்கள். கடைசியில் ஒரு மூலையில் அரைப் பத்தி கிடைத்தது. அதுவும் ஒரு விளம்பரம் வராமற் போனதால். நானும் வாதாடவில்லை. இத்தனை ஆண்டுப் பத்திரிகைத் தொழிலில், வாதாடாமல் விட்ட கட்டுரைகளின் கணக்கே எழுதியவற்றின் கணக்கை விடப் பெரிது. இரண்டு மாதம் கழித்து மீரியபெத்தவுக்குப் போனபோது இந்த விஷயம் வேறொரு விதமாக என்னைப் பிடித்துக்கொண்டது. அதைப் பின்னர் சொல்கிறேன்.

முதலில், பாலையாவுக்கும் எங்கள் தேயிலைக்கும் உள்ள தொடர்பு. பலர் இதைக் கவனிப்பதில்லை. அவரது முதற் படம் 'சதி லீலாவதி'. எஸ்.எஸ்.வாசன் எழுதிய கதை. இயக்கியவர் எல்லிஸ் ஆர். டங்கன் என்ற அமெரிக்கர், தமிழ் தெரியாதவர். கலிபோர்னியாவில் தன்னுடன் சினிமா படித்த நண்பரோடு இந்தியாவைப் பார்க்க வந்து, பதினைந்து ஆண்டுகள் தங்கி, தமிழ்ப் படங்களை இயக்கிவிட்டுப் போனார். இந்த ஒரே படத்தில் எம்.ஜி.ஆர்., என்.எஸ்.கிருஷ்ணன், டி.எஸ்.பாலையா மூவரும் அறிமுகமானார்கள். இலங்கை மலைநாட்டில் பிறந்த எம்.ஜி.ஆருக்கு அதில் ஒரு சிறிய பொலிஸ் இன்ஸ்பெக்டர் வேடம். பாலையாவுக்கோ கதையை நகர்த்தும் கெட்ட நண்பன் இராமநாதன் வேடம். அதாவது, முதற் படத்தில் எம்.ஜி.ஆருக்கு அரைப்பேர், பாலையாவுக்கு முழுப்பேர். கணக்கு அதன்பின் தலைகீழாகிவிட்டது.

அந்தக் கதையில், குடிப்பழக்கத்தில் விழுந்த நாயகன் கிருஷ்ணமூர்த்தி, தான் கொலை செய்துவிட்டதாக எண்ணிக்கொண்டு சென்னையிலிருந்து தப்பி ஓடுகிறான். எங்கே? இலங்கைத் தேயிலைத் தோட்டத்துக்கு. அங்கே கூலியாக வேலை செய்கிறான். ஒரு புதையலைக் கண்டெடுத்து முதலாளியிடம் ஒப்படைக்கிறான். அவர் அவனைத் தம் பிள்ளையாகவே ஏற்றுக்கொள்கிறார். எங்கள் பாட்டன் பூட்டன்மார் தேங்காயும் மாசியும் தேயிலைத் தூரில் கிடைக்கும் என்று கங்காணி சொன்னதை நம்பி வந்தவர்கள் என்று இங்கே ஒரு கதை வழங்கிவருகிறது. அந்தத் தூரைத் தோண்டிப் புதையல் எடுத்தவர் எங்கள் தோட்டத்தில் எவருமில்லை. எடுத்திருந்தாலும் எந்தத் துரை அவரைப் பிள்ளையாக ஏற்றிருப்பார் என்பதை வாசகர் ஊகத்துக்கு விடுகிறேன். ஆயினும் 1936 இலேயே தமிழ்நாட்டுச் சினிமா எங்களை ஒரு கணமாவது திரும்பிப் பார்த்தது என்பதையும், நாயகனை எங்கள் மலைக்குத் துரத்திவிட்டவர் பாலையா என்பதையும் குறித்துவைக்க விரும்புகிறேன்.

அதே 1936 க்கு இன்னொரு சிறப்பும் உண்டு. அமெரிக்காவின் ஒஸ்கார் விருதில் துணைப் பாத்திர நடிகர்களுக்கென ஒரு பிரிவு அந்த ஆண்டுப் படங்களிலிருந்துதான் தொடங்கியது. முதற் பரிசு வால்டர் பிரெனனுக்கு. அடுத்த நான்காண்டுகளுக்குள் அவர் அதே பரிசை மேலும் இரண்டு முறை வாங்கினார். தொலைக்காட்சி வந்ததும் அங்கேயும் போய் முதிய வேடங்களில் வீடு வீடாக அறியப்பட்டார். ஆனால் கவனியுங்கள்: ஆரம்ப ஆண்டுகளில் துணைப் பாத்திரத்துக்குப் பரிசு பெற்றவர்களுக்கு அந்தப் பொற்சிலையைத் தரவில்லை. ஒரு பட்டயம் மட்டுமே தந்தார்கள். 1940 களில்தான் அவர்களுக்கும் முழுச் சிலை கிடைத்தது. அரைப்பேர் என்பது எங்கள் தோட்டத்துக் கண்டுபிடிப்பு மட்டுமல்ல போலும்.

நம் பக்கத்து நிலை இன்னும் மோசம். இந்திய தேசிய விருதுகளில் துணை நடிகருக்கான பிரிவு 1984 ஆம் ஆண்டுப் படங்களிலிருந்தே தொடங்கியது. பாலையா மறைந்து அப்போது பன்னிரண்டு ஆண்டுகள். ரங்காராவும் அதற்குள் போய்விட்டார். விருது ஒரு கலைஞனை உருவாக்குவதில்லை என்பது உண்மையே. எனினும் விருதுப் பட்டியல்தான் பிற்காலத்துக்கு ஆவணமாகிறது. பத்திரிகை அலுவலகத்தில் ஒருவரைப் பற்றி அவசரமாக எழுத உட்காரும் இளம் நிருபர் முதலில் தேடுவது அந்தப் பட்டியலைத்தான். அங்கே பெயர் இல்லாதவர் அடுத்த தலைமுறையின் கட்டுரையிலும் இல்லாமற் போகிறார்.

சொற்களும் இதற்கு உடந்தை. 'துணை நடிகர்' என்றால் இன்று கூட்டத்தில் நிற்பவர் என்று பொருளாகிவிட்டது. 'குணச்சித்திர நடிகர்' என்பது சற்று மரியாதையான சொல். ஆனால் அதைக் கேட்டவுடன் கண்ணீர் விடும் ஒரு தகப்பன் உருவமே மனத்தில் எழுகிறது. பாலையா இந்த இரண்டிலும் அடங்கமாட்டார்.

அவர் நாடகக் கம்பெனிப் பள்ளியிலிருந்து வந்தவர். அந்தப் பள்ளி அவருக்குக் கொடுத்தது குரல். ஒலிபெருக்கி இல்லாத கொட்டகையில் கடைசி வரிசைக்கும் கேட்க வேண்டிய குரல். 'அம்பிகாபதி'யில் (1937) தளபதி ருத்திரசேனனாக பாகவதரை எதிர்த்து நின்றபோது பாலையாவுக்கு வயது இருபத்துமூன்று. பாகவதர் வாய் திறந்தால் பாட்டு. எதிரே நிற்பவனுக்குப் பாட்டு இல்லை. இருந்தும் அவர் தாக்குப்பிடித்தார். அந்தக் காலத்து வில்லன்கள் பலர் உருட்டிய கண்ணையும் முறுக்கிய மீசையையும் நம்பியிருந்தார்கள். பாலையாவோ நயமாகப் பேசிக் கெடுப்பவராக வந்தார். அவரது வில்லன் நம்மோடு உட்கார்ந்து தேநீர் குடிப்பான். நம் நன்மைக்காகவே பேசுவான். அப்படிப்பட்டவர்களை நம் வாழ்க்கையில் நாம் அதிகம் சந்தித்திருக்கிறோம். ஆகவே அந்த வில்லனை நம்ப முடிந்தது.

1949 இல் அண்ணாதுரையின் 'வேலைக்காரி' வந்தது. அதில் கே.ஆர்.இராமசாமிக்கு அறிவுரை சொல்லும் நண்பன் மணியாக பாலையா. பழிவாங்கக் கத்தியை எடுத்த நண்பனைத் தடுத்து, அறிவைக் கருவியாக்கு என்று வழி காட்டும் பாத்திரம். ஓர் அரசியல் இயக்கத்தின் மையக் கருத்தையே சுமந்த அந்த வசனத்தை நாயகன் பேசவில்லை. நாயகனின் நண்பன் பேசினான். பின்னாளில் அந்தக் கருத்து எத்தனையோ மேடைகளில் திரும்பத் திரும்பச் சொல்லப்பட்டது. சொன்னவர்களில் எத்தனை பேருக்கு அது பாலையாவின் வாய்வழியாகப் பரவியது என்பது தெரிந்திருக்கும்?

'தூக்குத் தூக்கி'யில் (1954) வடநாட்டுச் சேட்டாக வந்து உடைந்த தமிழ் பேசி ஊரைச் சிரிக்கவைத்தார். இதைப் பற்றி எனக்கு இரண்டு மனம். நடிப்பு அபாரம், அதில் ஐயமில்லை. ஆனால் இன்னொருவன் நம் மொழியைத் தடுமாறிப் பேசுவதைக் கேட்டுச் சிரிப்பது எளிது. பல்கலைக்கழகத்தில் நான் வாய் திறந்தபோதெல்லாம் என் தோட்டத் தமிழைக் கேட்டுச் சக மாணவர்கள் சிரித்தார்கள்; அவர்களும் தமிழர்களே. அந்தப் படத்தை இப்போது பார்க்கையில் சேட்டின் பக்கம் சற்றுச் சாய்கிறேன். பாலையா அந்தச் சேட்டை வெறும் கோமாளியாக விடவில்லை, அவனுக்குள் ஒரு சபலமும் ஒரு தன்னம்பிக்கையும் வைத்தார் என்பதே என் ஆறுதல்.

'மதுரை வீர'னின் நரசப்பன், 'பாகப்பிரிவினை'யில் மனைவியின் சொல்லை மீற முடியாத அண்ணன், 'பாமா விஜயம்' படத்தில் மூன்று பிள்ளைகளின் பகட்டைப் பார்த்துத் திகைக்கும் தகப்பன், 'ஊட்டி வரை உறவு'... அடுக்கிக்கொண்டே போகலாம். ஆனால் அடுக்குவது என் நோக்கமன்று. மூன்று பாத்திரங்களைப் பற்றி மட்டும் சற்று நின்று பேச வேண்டும்.

முதலாவது, 'காதலிக்க நேரமில்லை' படத்தின் சின்னமலை விசுவநாதன். ஸ்ரீதர் இயக்கி 1964 பெப்ரவரியில் வந்த படம். நாகேஷ் பாலையாவுக்குப் பேய்க்கதை சொல்லும் காட்சியை அறியாத தமிழர் இல்லை. நாகேஷைப் பாராட்டாதவரும் இல்லை, பாராட்ட வேண்டியதுதான். ஆனால் அடுத்த முறை அந்தக் காட்சியைப் பார்க்கும்போது நாகேஷை விட்டுவிட்டு, கேட்டுக்கொண்டிருப்பவரை மட்டும் பாருங்கள். பாலையாவுக்கு அங்கே ஏறக்குறைய வசனமே இல்லை. முதலில் அலட்சியம். பிறகு மகன் சொல்கிறானே என்ற பொறுமை. பிறகு ஒரு சிறு ஆர்வம். பிறகு, தான் பயப்படுகிறோம் என்பது மகனுக்குத் தெரிந்துவிடக் கூடாதே என்ற பயம். கடைசியில் வெறும் பயம். இத்தனையும் அந்த முகத்தில் ஒன்றன்பின் ஒன்றாக ஏறிவருகின்றன. கதை சொல்பவனிடம் கதையே இல்லை. சில ஒலிகளும் சைகைகளும்தான். பயத்தை உண்டாக்கியது கேட்டவரின் முகம். அவர் பயந்ததால்தான் நாம் சிரித்தோம். நாகேஷுக்குப் போன கைதட்டலில் பாதி பாலையாவினுடையது என்று நான் சொன்னால் அது நாகேஷுக்குக் குறைவாகாது.

அந்தப் படத்தை நான் முதலில் பார்த்தது 1984 அல்லது 85 இல், எங்கள் தோட்டத்து மாரியம்மன் திருவிழாவின்போது. 83 ஜூலையின் எரிப்பு பதுளை, பண்டாரவளைப் பக்கமும் வந்துபோன பின்னர், நகரத்துத் திரையரங்குக்கு இரவுக் காட்சிக்குப் போகும் துணிவு எங்கள் பெரியவர்களுக்கு நீண்ட நாள் வரவில்லை. ஆகவே படம் தோட்டத்துக்கு வந்தது. வாடகைக்கு ஒரு டெக், ஒரு தொலைக்காட்சிப் பெட்டி, லயத்தில் மின்சாரம் இல்லாததால் ஒரு ஜெனரேட்டர். பிரட்டுக்களத்தில் சாக்கு விரித்து விடியவிடிய மூன்று படங்கள்.

எங்கள் மக்களுக்கு அந்தப் படம் நகரத்தார் பார்த்த படமாக இருக்கவில்லை. விசுவநாதன் யார்? எஸ்டேட் முதலாளி. எங்கள் மொழியில் துரை. ரவிச்சந்திரன் யார்? துரையின் எஸ்டேட்டில் உத்தியோகம் பார்த்து, வேலையிலிருந்து நீக்கப்பட்டவன். நீக்கப்பட்டவன் என்ன செய்கிறான்? துரையின் பங்களாவுக்கு எதிரிலேயே கூடாரம் அடித்து உட்கார்ந்து, வேலை கொடு என்று ஆர்ப்பாட்டம் செய்கிறான்! துரை கத்துகிறார், குதிக்கிறார், ஒன்றும் நடக்கவில்லை. அன்று பிரட்டுக்களத்தில் எழுந்த சிரிப்பை என் வாழ்நாளில் வேறெங்கும் கேட்டதில்லை. எந்த இடத்தில் நின்று அதிகாலையில் துரையின் முன்னால் தலை குனிந்தார்களோ, அதே இடத்தில் உட்கார்ந்து ஒரு துரையைப் பார்த்துச் சிரித்தார்கள். காதற் பாட்டு வந்தபோது பெரியவர்கள் வெற்றிலை போடப் போய்விட்டார்கள்; பாலையா வந்ததும் ஓடிவந்தார்கள்.

அந்தப் படம் வெளிவந்த 1964 இன் ஒக்டோபர் 30 இல்தான் சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தம் கைச்சாத்தானது. நாடற்றவர்களாக இருந்த 9,75,000 பேரில் 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு, மிச்சம் 1,50,000 பேரைப் பற்றிப் பிறகு பார்த்துக்கொள்வோம் என்று இரண்டு பிரதமர்கள் முடிவு செய்தார்கள். இதைவிடத் தெளிவாக ஒரு மக்கள் கூட்டத்துக்கு யாரும் அரைப்பேர் போட்டதில்லை. எங்கள் லயத்திலிருந்து போன மூன்று குடும்பங்கள் நீலகிரிப் பக்கம் போய் அங்கும் தேயிலையே பறித்தன.

இரண்டாவது, 'தில்லானா மோகனாம்பாள்' (1968) படத்தின் தவில்காரர் முத்துராக்கு. இதைச் சுருக்கமாகவே சொல்கிறேன். ஏனெனில் எல்லோரும் எழுதிவிட்டார்கள். நாதஸ்வரக் குழு ஒன்றில் தவில்காரருக்கும் நாயனக்காரருக்கும் இடையில் இருக்கும் உறவு வெளியார் அறியாதது. கோபக்கார நாயனக்காரரைத் தட்டிக்கொடுப்பது, சில்லறைச் சண்டைகளைத் தீர்ப்பது, ஊர் ஊராகப் போகும்போது வயிற்றைக் கவனிப்பது எல்லாம் தவில்காரர் பாடு. சிவாஜியின் சண்முகசுந்தரம் முறுக்கேறி நிற்கும் ஒவ்வொரு காட்சியிலும் பாலையா அருகில் நின்று அந்த முறுக்கைத் தளர்த்திக்கொண்டேயிருக்கிறார். அவர் இல்லாவிட்டால் அந்த நாயகனின் கோபம் நமக்கு எரிச்சலூட்டியிருக்கும்.

மூன்றாவது, 'திருவிளையாடல்' (1965) படத்தின் ஹேமநாத பாகவதர். இந்தப் பாத்திரத்தை எங்கள் தலைமுறை பார்ப்பதற்கு முன்னால் கேட்டது. அந்தப் படத்தின் கதை வசனம் இசைத்தட்டாக வந்திருந்தது. தோட்டத் திருவிழாவில் மரத்தின் உச்சியில் குழாய் ஒலிபெருக்கியைக் கட்டி அந்தத் தட்டைப் போட்டுவிடுவார்கள். எதிர் மலையில் கொழுந்து பறிப்பவருக்கும் கேட்கும். எங்களுக்கு சிவபெருமானின் முகம் தெரியாது; ஹேமநாதரின் முகமும் தெரியாது. குரல் மட்டுமே தெரியும். பாண்டியன் சபையில் அந்தக் குரல் எவ்வளவு ஏளனத்தோடு நடந்துவருகிறது என்பதைக் காதாலேயே பார்த்தோம். பாட்டு பாலமுரளிகிருஷ்ணா பாடியது. பேச்சிலிருந்து பாட்டுக்கும் பாட்டிலிருந்து பேச்சுக்கும் போகும் இடத்தில் இரண்டு மனிதர்கள் இருக்கிறார்கள் என்பதை நான் பல ஆண்டுகள் அறியவில்லை. பெரியவனாகிப் படத்தைப் பார்த்தபோது பாலையாவின் தோளும் விரலும் புருவமும் அந்தப் பாட்டின் ஒவ்வொரு வளைவுக்கும் உரிமை கொண்டாடியதைக் கண்டேன். அந்தக் கர்வம் உடையும் காட்சி அதைவிடப் பெரிது. நள்ளிரவில் விறகு விற்பவன் ஒருவன் பாடுவதைக் கேட்டு எழுந்துவந்து, பாணபத்திரர் தன்னைச் சீடனாகவும் ஏற்கவில்லை என்று அவன் சொல்வதைக் கேட்டதும் அந்த முகத்தில் இரத்தம் வடிகிறது. வித்துவான் என்ற முழு உடம்பும் சுருங்கிப்போகிறது. வென்றவர் சிவாஜி, ஆனால் வெற்றியை நமக்குக் காட்டியவர் தோற்றவர்.

பாலையாவிடம் குறை இல்லையா? உண்டு. அறுபதுகளின் பிற்பகுதியில் ஒரே மாதிரியான பணக்காரத் தகப்பனாக அவரைப் போட்டுத் தேய்த்தார்கள், அவரும் மறுக்கவில்லை. சில படங்களில் உரக்கக் கத்தியே காட்சியைக் கடத்தியிருக்கிறார். மேடைக் குரல் என்ற வரமே சில இடங்களில் சுமையாகிவிட்டது. இந்தக் குறைகளை நாயகர்களிடம் காணும்போது நாம் 'பாணி' என்கிறோம். குணச்சித்திர நடிகரிடம் காணும்போது 'மிகை' என்கிறோம்.

அவருடைய மகன் ஜூனியர் பாலையா 2023 நவம்பரில் மறைந்தபோது செய்திகளில் பாதி இடம் தந்தையைப் பற்றியே இருந்தது. 'கரகாட்டக்காரன்', 'சாட்டை' போன்ற படங்களில் நன்றாக நடித்த மனிதர். தன் பெயரிலேயே இன்னொருவர் பெயரைச் சுமந்துகொண்டு வாழ்ந்தார்.

இனி மீரியபெத்த. 2014 ஒக்டோபர் 29, புதன்கிழமை காலை. கொஸ்லந்தைக்கு மேலே, ஹல்துமுல்லைப் பிரிவில், அம்பிட்டிய தோட்டத்தின் மீரியபெத்த டிவிசன் மீது மலை இறங்கியது. பிரட்டுக்குப் போனவர்களும் பாடசாலைக்குக் கிளம்பிய பிள்ளைகளும் தப்பினார்கள். லயத்துக்குள் இருந்தவர்கள் மாட்டிக்கொண்டார்கள். அந்த இடம் ஆபத்தானது, மக்களை அகற்றுங்கள் என்று கட்டட ஆராய்ச்சி நிறுவனத்தினர் 2005 இலும் 2011 இலும் எச்சரித்திருந்தார்கள். அகற்றவில்லை. முதல் நாள் செய்திகள் ஏறக்குறைய இருநூறு பேரைக் காணவில்லை என்றன. பிறகு அந்த எண் திரும்பத் திரும்பக் குறைக்கப்பட்டது. எத்தனை பேர் அங்கே வாழ்ந்தார்கள் என்பதே பலருக்குத் தெரியவில்லை. செக்ரோலில் பேர் இருந்தது. ஆனால் செக்ரோல் வேலை செய்பவரை மட்டுமே எண்ணும்.

அடுத்தடுத்த நாட்களில் நானும் அங்கே இருந்தேன். மஞ்சள் சேற்றையும், அமைச்சர்களின் வாகனங்களையும், பாடசாலைக் கட்டடத்தில் தங்கவைக்கப்பட்ட மக்களையும் பற்றி எழுதி அனுப்பினேன். அங்கே ஒரு முதியவர், எழுபதைக் கடந்தவர், ஒரு வாங்கில் தனியே உட்கார்ந்திருந்தார். வீட்டில் யார் யார் என்று கேட்டேன். சொன்னார். அதை இங்கே எழுதமாட்டேன். பேச்சை மாற்றவேண்டும் என்று எண்ணியோ என்னவோ, "தம்பி, நம்ம லயத்துல ரெக்காட்டுப் பெட்டி இருந்திச்சு, தெரியுமா? திருவிளையாடல் தட்டு நான்தான் வச்சிருந்தேன்" என்றார். இளவயதில் காமன் கூத்தில் வேடம் கட்டியவராம். திருவிழாவில் ஒலிபெருக்கி பழுதாகிவிட்டால் ஹேமநாதரின் வசனத்தை அவரே நின்று பேசிவிடுவாராம். "நீங்க நாகேஷ் பேசமாட்டீங்களா ஐயா?" என்றேன். "அது எல்லாப் பொடியனும் பேசுவான். பாலையாவைப் பேச ஆள் வேணும்" என்றார்.

நான் குறிப்பேட்டில் எழுதிக்கொண்டேன். அன்று மாலை அனுப்பிய செய்தியில் அதைச் சேர்க்கவும் செய்தேன், இரண்டு வரி. பிறகு இடம் போதாது என்று அலுவலகத்திலிருந்து தொலைபேசி வந்தது. எதை வெட்டலாம் என்று கேட்டார்கள். அந்த இரண்டு வரியை வெட்டச் சொன்னவன் நானேதான். மரண எண்ணிக்கையையோ அமைச்சரின் வாக்குறுதியையோ வெட்ட முடியுமா? இரண்டு மாதம் முன்பு பாலையாவுக்கு ஒரு பக்கமா என்று சிரித்தவர்கள் மீது எனக்கிருந்த கோபம் அந்த இரவோடு போய்விட்டது.

இரண்டு ஆண்டு கழித்து, 2016 ஒக்டோபரில், மாக்கல்தெனியாவில் 75 வீடுகளைக் கட்டி அந்த மக்களிடம் கையளித்தார்கள். அதுவரை அவர்களில் பலர் பழைய தேயிலை ஸ்டோரில்தான் குடியிருந்தார்கள். நான் போனபோது அந்த முதியவர் என்னை அடையாளம் கண்டுகொண்டார். "நம்ம பேச்சை எழுதினீங்களா தம்பி?" என்றார். எழுதினேன், வரவில்லை என்றேன். "வராது" என்றார், கோபமில்லாமல். 2025 நவம்பரில் டித்வா புயலில் ஊவா மலைகள் மீண்டும் சரிந்த செய்தி வந்த இரவில், முதலில் நினைவுக்கு வந்தது அவருடைய குரல்தான். அவர் அதற்கு முன்பே காலமாகிவிட்டார் என்று பின்னர் அறிந்தேன்.

அந்த இரண்டாவது சந்திப்பில் இன்னொன்றும் சொன்னார். மீரியபெத்தவில் இருந்த தட்டில், ஹேமநாதர் விறகு வெட்டியின் பாட்டைக் கேட்கும் இடத்தில் ஆழமான கீறல். ஊசி அங்கே போனதும் தாவிக் குதித்து அடுத்த கதைக்குப் போய்விடும். ஆகவே அவர் தோட்டத்தில் பாலையா ஒருநாளும் மதுரையை விட்டு ஓடியதில்லை. ஒவ்வொரு திருவிழாவிலும் சபைக்கு வருவார், பாடுவார், பாண்டியனை மடக்குவார், அதோடு சரி. படத்தை டெக்கில் பார்த்த பிறகுதான் பாலையா தோற்றுப்போன செய்தியே லயத்துக்குத் தெரிந்ததாம். "ரெண்டு மூணு கிழவிங்க நம்பவே இல்ல தம்பி," என்று சொல்லிவிட்டுத் தேநீர் கொண்டுவர உள்ளே போனார்.